பாக்கியம் வீட்டில் மாட்டிய பல்பு

தம்பி, அந்தக் கண்ணாடியைக் கொஞ்சம் தள்ளி விட்டுருங்களேன். காத்துக்காகச் சொல்லலீங்க. பச்சை ஸ்டிக்கர் ஒட்டி வெச்சிருக்கான் பாருங்க, அது வழியா வர்ற வெளிச்சம் உங்க மேல விழுகுது. சும்மா உக்காந்திருக்கறவங்களை அது ஒண்ணும் பண்ணாதுங்க. பேச்சு நடக்கறப்பத்தான் பாத்துக்கோணும். நான் கொஞ்சம் பேசலாம்னு இருக்கறேன், அதுக்குத்தான் சொன்னேன்.

திருப்பூர் வரைக்குந்தானுங்களா? நல்லது. தாராபுரத்துல இருந்து ஒண்ணரை மணி நேரம் ஆகும். இந்த வண்டி நின்னு நின்னு போறது, இன்னும் கூட ஆகும்.

குடிச்சிருக்கறேன்னு நெனச்சுக்காதீங்க. எம்பட பேரு குழந்தைவேலு. இருபத்தொம்போது வருசம் திருப்பூர்ல ஒரே சாயப்பட்டறையில லேபுல இருந்தேன். கலர் பாக்கற வேலை. உங்களுக்கு இப்பிடி நடந்திருக்கும் பாருங்க. கடையில வெச்சுப் பாக்கறப்ப சட்டையும் பேண்டும் ஒரே கலரா இருக்கும். வெளிய வந்து வெயில்ல பாத்தா சட்டை ஒரு கலரு, பேண்ட் ஒரு கலரு. கடைக்காரன் ஏமாத்திட்டான்னு திட்டியிருப்பீங்க. அவன் ஏமாத்தலீங்க. வெளிச்சம் ஏமாத்துச்சு. அதைக் கண்டுபிடிக்கத்தான் எங்க லேபுல ஒரு பெட்டி இருக்கும். உள்ள நாலு விளக்கு. வெயில் மாதிரி ஒண்ணு, கடை டியூப்லைட் மாதிரி ஒண்ணு, வீட்டு குண்டு பல்பு மாதிரி ஒண்ணுன்னு. துணியை உள்ள வெச்சுட்டு சுவிட்சை மாத்தி மாத்திப் போட்டுப் பாக்கோணும். நாலுலயும் ஒத்துப்போனாத்தான் சரக்கு வெளிய போகும். நான் சரின்னு சொன்ன துணி திரும்பி வந்தது கெடையாது. இதைப் பெருமைக்குச் சொல்லலை. நான் கவனமான ஆளுன்னு உங்களுக்குத் தெரியோணும், அதுக்காகச் சொல்றேன்.

ஒரு தடவை பள்ளிக்கூடத்துப் பிள்ளைங்களைக் கூட்டிக்கிட்டு ஹேமலதான்னு ஒரு டீச்சர் பட்டறையைச் சுத்திப் பாக்க வந்தாங்க. பிளஸ் ஒன்னுக்கு பிசிக்ஸ் எடுக்கறவங்க. நான் பெட்டியில துணியை வெச்சுக் காட்டுனேன். பிள்ளைங்கல்லாம் கீழ போனதுக்கப்புறம் டீச்சர் மட்டும் நின்னுட்டாங்க. இந்த விளக்கை மாத்தறப்ப துணி மட்டுந்தான் மாறுதா, இங்க நின்னு பேசறவங்க பேச்சு மாறி நீங்க பாத்ததில்லையான்னு கேட்டாங்க.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டுருச்சுங்க. ஏன்னா நான் பாத்திருக்கறேன். மஞ்சள் விளக்கு எரியறப்ப போர்மேன் வந்தா மெதுவாப் பேசுவாரு. டியூப்லைட் விளக்குல அதே ஆளு, அதே விசயத்துக்குக் கத்துவாரு. பல வருசமா எனக்குள்ளயே வெச்சிருந்தேன். யாருகிட்டச் சொல்றது? சொல்றதுக்கு ஆளு வேணுமில்லீங்களா.

அப்பிடித்தான் சபைக்குள்ள போனேன்.

சபைன்னா சாமி கும்பிடற சபை இல்லீங்க. அதுக்கு வேற பேரு கெடையாது, நாங்க சபைன்னுதான் சொல்லிக்குவோம். பழைய பஸ் ஸ்டாண்டு பக்கத்துல காதர் பாய்னு ஒருத்தரு கண்ணாடிக்கடை வெச்சிருந்தாரு. அவரு கடை மாடியில ஞாயித்துக்கெழமை காலையில கூடுவோம். மொத்தம் ஆறு பேரு. டீச்சர், காதர் பாய், ஒரு நர்ஸம்மா, இன்னும் ரண்டு பேரு, நானு. எப்ப ஆரம்பிச்சுதுன்னு டீச்சருக்கே தெரியாது. அவங்களுக்கு முன்னால யாரோ, அவங்களுக்கு முன்னால யாரோ.

வேலை என்னன்னா, நடந்ததை யாராலயும் மாத்த முடியாது. நடந்ததை நம்ம எப்பிடிச் சொல்லிக்கறோம்கறதை மாத்தலாம். ஒவ்வொரு வீட்டுலயும் ஒரு கதை ஓடிட்டு இருக்கும். யாரு வந்தாலும் அதைத்தான் சொல்லுவாங்க. சில வீட்டுல அந்தக் கதையே அவங்களைத் தின்னுட்டு இருக்கும். அந்த மாதிரி வீடு நர்ஸம்மாவுக்குத் தெரியவரும். காதர் பாய் பல்புல கலரு பூசிக் குடுப்பாரு. கண்ணுக்குத் தெரியாதுங்க, அவ்வளவு லேசாப் பூசுவாரு. வெள்ளை பல்புன்னுதான் நெனப்பீங்க. என்னைய எலக்ட்ரீசியன்னு சொல்லி அனுப்புவாங்க. அவங்க உக்காந்து பேசற எடத்துல அதை மாட்டிட்டு வந்துருவேன். நாப்பது நாள்.

தேன் கலரு கோவத்தைக் கொறைக்கும். வெளிர் நீலம் போட்டா, நேத்து நடந்ததை எப்பவோ நடந்த மாதிரி சொல்லுவாங்க. வெளிர் பச்சை இருக்குது பாருங்க, அதுல யாரு பண்ணுனாங்கங்கறது கரைஞ்சு போயிரும். நடந்தது மட்டும் மிச்சம் நிக்கும்.

சிரிக்கறீங்க. பரவால்லை, சிரிங்க. ராயபுரத்துல ஒரு அம்மா இருந்துச்சு. பொண்ணு தன் இஷ்டத்துக்குக் கல்யாணம் பண்ணிக்கிட்டுப் போயிருச்சுன்னு, கேக்கறவங்க கிட்டயெல்லாம் எனக்குப் பொண்ணே இல்லை, செத்துப்போயிட்டான்னு சொல்லும். நான் போயி தேன் கலரு மாட்டுனேன். இருவது நாள் கழிச்சு, போயிட்டான்னு மட்டும் சொல்லுச்சாம். அப்புறமேட்டுக்கு வெளியூர்ல இருக்கறான்னுச்சாம். தீபாவளிக்கு மறுநாள் நான் அந்தத் தெருவுல சும்மா நின்னேன். ஒரு பொண்ணு வாசல்ல செருப்பைக் கழட்டிட்டு அந்த வீட்டுக்குள்ள போச்சு. ஒரு மணி நேரம் அந்தச் செருப்பையே பாத்துக்கிட்டு நின்னேங்க. எனக்கு வேற எங்கயும் போற வேலை இல்லை.

வீட்டுலயா? வீட்டுல யாரும் இல்லீங்க. ருக்மணின்னு, கட்டிக்கிட்டு ரண்டு வருசம் இருந்தா. காங்கேயத்துக்கு அவங்க அண்ணன் வீட்டுக்குப் போயிட்டா. சாய வாசம் ஒத்துக்கலை. எம்பட சட்டையெல்லாம் அந்த வாசம் வரும். கடைசி ஒரு வருசம் அவ பேசலை, அவளாப் பேசட்டும்னு நானும் இருந்துட்டேன். பேசியிருந்தா நானும் பேசியிருப்பேன்.

சபையில சேர்ற அன்னிக்கு ஒரு வழக்கம் உண்டு. கலரே இல்லாத வெள்ளை விளக்குக்குக் கீழ உக்காந்து நம்ம கதையை ஒரு தடவை முழுசாச் சொல்லோணும். எல்லாரும் கேட்டுக்குவாங்க. அதோட சரி. அதுக்கப்புறம் சொந்தக் கதைக்கு எந்தக் காலத்துலயும் விளக்கு வெக்கக்கூடாது. நம்ம இருக்கற கதையில நம்மளே கை வெக்கக்கூடாது. அதுதான் சட்டம். காதர் பாய் தன் கதையைச் சொல்லி முடிக்கறதுக்கு ரண்டு ஞாயிறு ஆச்சாம். எம்பட கதை நாலு நிமிசத்துல முடிஞ்சுபோச்சு. டீச்சர், அவ்வளவுதானான்னு கேட்டாங்க. அவ்வளவுதானுங்கன்னேன்.

ஆனா அந்த ஆறு வருசம் நான் நல்லா இருந்தேன் தம்பி. ஞாயித்துக்கெழமை வந்தா போறதுக்கு ஒரு எடம் இருந்துச்சு. படி ஏறிப் போறப்ப மேல இருந்து, வேலு வந்துட்டாருன்னு ஒரு குரல் கேக்கும்.

இன்னொரு எடமும் இருந்துச்சு. அதைச் சொல்லத்தான் ஆரம்பிச்சேன்.

நாச்சிமுத்துன்னு எங்க பட்டறையில பிட்டரு. மோட்டாரு, பைப்பு, பாய்லரு எல்லாம் அவந்தான் பாப்பான். என்னைய விட அஞ்சு வயசு சின்னவன். பன்னெண்டு வருசம் மத்தியானம் அவனோட உக்காந்துதான் சாப்பிட்டேன். அவன் பேசிக்கிட்டே இருப்பான், நான் கேட்டுக்கிட்டே இருப்பேன். அவன் சம்சாரம் பாக்கியம். எனக்கும் சேத்து டிபன் பாக்ஸ்ல வெச்சு அனுப்பும். என்னைய அண்ணான்னு கூப்பிடும். பிருந்தான்னு ஒரு பொண்ணு, அது மாமான்னு கூப்பிடும். எனக்கு அந்த மொறை வெச்சுக் கூப்பிடறதுக்கு வேற யாரும் கெடையாது.

ஒரு தைப்பூசத்துக்கு நானும் நாச்சிமுத்தும் பழனிக்கு நடந்து போனோம். குண்டடம் தாண்டி எனக்குக் கால்ல கொப்புளம் ஒடைஞ்சு நடக்க முடியலை. அவன் என்னைய முதுகுல தூக்கிக்கிட்டு கூட்டத்துக்குள்ள அரை மைலு நடந்தான். பாக்கியம் அதை யாரு வந்தாலும் சொல்லும். எங்க வீட்டுக்காரரு வேலண்ணனை உப்புமூட்டை தூக்கிட்டுப் போனாருன்னு. நான் கூச்சப்பட்டுக்கிட்டு உக்காந்திருப்பேன். ஆனா சொல்லட்டும்னுதான் இருக்கும்.

அப்பறம் அந்த ஞாயித்துக்கெழமை.

பட்டறை லீவு. மேனேஜர் ஊர்ல இல்லை. திங்கக்கெழமை காலையில ஒரு பெரிய லாட்டுத் துணி ஓட்டோணும், கழிவுத்தண்ணித் தொட்டி மோட்டாரு அடைச்சுக்கிச்சுன்னு வாட்ச்மேன் எனக்குத் தகவல் சொன்னான். நான் போயிப் பாத்தேன். அந்தத் தொட்டியில எறங்கறதா இருந்தா முதல்ல காத்தாடி வெச்சு உள்ள இருக்கற வாயுவை வெளிய எடுக்கோணும். மேல ரண்டு பேரு நிக்கோணும். இடுப்புல கயிறு கட்டோணும். எல்லாருக்கும் தெரிஞ்சதுதான், செவுத்துல எழுதியே போட்டிருக்குது. காத்தாடி பழைய ஷெட்டுல பூட்டி இருந்துச்சு. சாவி மேனேஜருகிட்ட. எனக்கு மூணு மணிக்கு அனுப்பர்பாளையத்துல ஒரு வீட்டுக்கு விளக்கு மாட்டப் போகோணும், சபை வேலை. அந்த வீட்டுல அந்த நேரத்துக்குத்தான் கதவு தெறக்க ஆளு இருக்கும். அதனால நாச்சிமுத்து வீட்டுக்கு வண்டியில போயி அவனைக் கூட்டிட்டு வந்தேன். சாப்பிட்டுட்டு இருந்தான். கையைக் கழுவிட்டு வந்துட்டான்.

எட்டிப் பாருன்னுதான் சொன்னேன் தம்பி. எறங்குன்னு சொல்லலை. இதை நீங்க நல்லா ஞாபகம் வெச்சுக்கோணும். எட்டிப் பாரு நாச்சிமுத்து, என்னன்னு பாத்து வையி, நான் வந்துடறேன்னேன். அப்பறம் அனுப்பர்பாளையம் போயிட்டேன்.

நான் ஸ்டூல்மேல நின்னு பல்பைத் திருகிட்டு இருந்த நேரந்தான், அவன் உள்ள எறங்கியிருக்கறான். வாட்ச்மேன் டீ வாங்கிட்டு வந்து பாத்தப்ப செருப்பு மட்டும் மேல கெடந்துச்சாம்.

அதுக்கு மேல அதைப் பத்தி நான் சொல்லப் போறதில்லீங்க. விடுங்க.

பதினாறாம் நாள் காரியத்துக்குப் போனேன். வந்தவங்களுக்கெல்லாம் பாக்கியம் சொல்லிட்டு இருந்துச்சு. வேலண்ணன் வந்து கூப்பிட்டாரு, சோத்துல வெச்ச கையைக் கழுவிட்டுப் போனாரு. இதே சொல்லுதானுங்க, ஒரு சொல்லு கூடாது, கொறையாது. ஒவ்வொருத்தரு வந்து உக்காரறப்பவும், வேலண்ணன் வந்து கூப்பிட்டாரு. என்னையத் திட்டலை. என்ற மேல கோவமாவும் சொல்லலை. திட்டியிருந்தா தாங்கியிருப்பேன். நான் அங்கயே உக்காந்திருக்கறேன், கேக்கறவங்க ஒவ்வொருத்தரும் திரும்பி என்னையப் பாக்கறாங்க.

அடுத்த வாரம் ஒரு பல்பு கொண்டு போயி, கூடத்துல வெளிச்சம் பத்தலை பாக்கியம், மாட்டி விடறேன்னேன். வெளிர் பச்சை. காதர் பாய்கிட்ட வேற வீட்டுக்குன்னு சொல்லி வாங்கிட்டு வந்தது. சபையில பொய் சொன்னது அது ஒண்ணுதான். அந்தம்மாவோட நிம்மதிக்காகத்தான் செஞ்சேன். தெனமும் அதையே சொல்லிச் சொல்லி அது கரைஞ்சு போயிட்டு இருந்துச்சு. வேற என்ன பண்றது?

வாரா வாரம் ஞாயித்துக்கெழமை சாயங்காலம் போவேன். வெளக்கைப் போட்டுட்டு வந்து எதுக்க உக்காரும். சொந்தக்காரங்க யாராவது வந்திருப்பாங்க, கதையைச் சொல்லும். நான் எப்பவும் துணி பாக்கற மாதிரிக் கேட்டுக்கிட்டு இருப்பேன், எங்க மாறுது, எவ்வளவு மாறுதுன்னு. ரண்டாவது வாரம் கம்பெனியில இருந்து கூப்பிட்டாங்கன்னு சொல்லுச்சு. மூணாவது வாரம் கூப்பிட ஆளு வந்துச்சுன்னுச்சு. என்ற பேரு போயிருச்சு. எனக்கு நெஞ்சுல இருந்து ஒரு கல்லை எடுத்து வெளிய வெச்ச மாதிரி இருந்துச்சுங்க. அன்னிக்கு அங்கயே ரண்டு தடவை வாங்கிச் சாப்பிட்டேன்.

பல்பு மாட்டி முப்பத்தாறாம் நாள் விசாரணைக்கு கவருமெண்ட் ஆபீசர் வந்தாரு. தொணைக்கு நான் போயிருந்தேன். அதே கூடம், அதே பல்பு. லீவு நாள்ல உங்க வீட்டுக்காரரை வேலைக்குக் கூப்பிட்டது யாருன்னு கேட்டாரு. பாக்கியம் என்னைய ஒரு தடவை பாத்துச்சு. நான் வெளக்கைப் பாத்துட்டு இருந்தேன். அப்பறம், யாரும் கூப்பிடலீங்க, அவராத்தான் போனாரு, வேலையை அப்பிடியே விட்டுட்டு இருக்கற சுபாவம் அவருக்கு இல்லைன்னு சொல்லுச்சு. ஆபீசர் எழுதிக்கிட்டாரு. யாரு மேலயும் தப்பில்லைன்னு முடிச்சுட்டாங்க. மூடி வெச்சிருந்த பட்டறையைத் தெறந்துட்டாங்க. நானும் வேலைக்குப் போனேன்.

நாப்பது நாள் சரியா முடியறதுக்கு முந்தியே இப்பிடி வேலை செஞ்சு நான் பாத்ததே இல்லை.

ஆனா பச்சை அதோட நிக்கலீங்க. ஒரு நாள் பிருந்தாவோட கூடப் படிக்கற பிள்ளைங்க வந்திருந்தாங்க. பாக்கியம் பழனிக் கதையைச் சொல்லுச்சு. நான் வழக்கம் போலத் தலையைக் குனிஞ்சுக்கிட்டேன். எங்க வீட்டுக்காரரு பழனிக்குத் தனியா நடந்து போனாரு, வழியில கால் முடியாத யாரோ ஒரு பெரியவரை உப்புமூட்டை தூக்கிட்டுப் போனாரு, அப்பிடீன்னு சொல்லுச்சு.

நான் அங்கதான் உக்காந்திருக்கறேன் தம்பி. எதுக்க.

யாரோ ஒரு பெரியவர். அந்தப் பிள்ளைங்கல்லாம், உங்க அப்பா கிரேட்டுன்னு சொல்லுச்சுங்க. நான் தண்ணி குடிச்சுட்டு எந்திரிச்சு வந்துட்டேன். அதுக்கப்புறம் எந்தக் கதையில பாத்தாலும் நான் இல்லை. பிருந்தாவுக்குக் காது குத்துனதுல நான் இல்லை. வீட்டுக்குப் பால் காய்ச்சுனதுல நான் இல்லை. பன்னெண்டு வருசத்துல இருந்து என்னைய மட்டும் ஒரு ஆளு உக்காந்து நூல் உருவற மாதிரி உருவி எடுத்தாச்சு.

டீச்சர்கிட்டப் போயி எல்லாத்தையும் சொல்லிட்டேன். திருப்பி வெக்க ஏதாச்சும் கலரு இருக்குதான்னு கேட்டேன். அப்பிடி ஒரு கலரு இல்லை வேலு, பழைய கதை தெரிஞ்சவங்க யாராவது அந்த வீட்டுக்குப் போயி அதை வாய்விட்டுச் சொல்லோணும், அது ஒண்ணுதான் வழின்னாங்க. தெரிஞ்சவன் நான் ஒருத்தன்தானுங்களேன்னேன். ஆமான்னாங்க. இனி மாடிக்கு வரவேண்டாம்னும் சொன்னாங்க.

சபையை விட்டுப் போனவனைத் தெருவுல பாத்தாலும் பேசமாட்டாங்க. அது எனக்குத் தெரியும், நானே அப்பிடி ஒருத்தரைத் தாண்டிப் போயிருக்கறேன். இருந்தாலும் ஒரு நாள் காதர் பாய் கடைக்குப் போயி ஒரு செவுத்துக் கண்ணாடி வாங்குனேன். தாள்ல சுத்தி, நூலு கட்டி, பாத்து எடுத்துட்டுப் போங்க, வேற ஏதாச்சும் வேணுங்களான்னு கேட்டாரு. எல்லாக் கஸ்டமருகிட்டயும் கேக்கற மாதிரி. வேண்டாமுங்கன்னேன்.

இது நடந்து ஏழு வருசம். நான் ரிட்டயர் ஆயிட்டேன். பாக்கியம் பொண்ணைக் கூட்டிக்கிட்டு தாராபுரத்துக்கு வந்துருச்சு. பிருந்தா இப்ப ஒரு மில்லுல ஆபீஸ் வேலை பாக்குதாம். நான் நாலு தடவை தாராபுரத்துக்கு டிக்கெட் எடுத்திருக்கறேன். கொடுவாயில எறங்கி டீ குடிச்சுட்டுத் திரும்பியிருக்கறேன், குண்டடத்துல எறங்கித் திரும்பியிருக்கறேன். வர்றப்ப போறப்ப பக்கத்துல யாராவது உக்காந்திருந்தா அவங்ககிட்டச் சொல்லிருவேன். நீங்க எத்தனாவது ஆளுன்னு தெரியலை. தப்பா எடுத்துக்காதீங்க.

இன்னிக்குப் போயிட்டேன். வீட்டுக்கே போயிட்டேன்.

பாக்கியத்துக்கு முடி நரைச்சுப் போச்சு. கதவைத் தெறந்துச்சு, யாருன்னு கேக்கும்னுதான் நெனச்சேன். வாங்ணான்னுச்சு. உள்ள கூப்பிட்டு சேர் போட்டு, மோரு கொண்டு வந்து குடுத்துச்சு. நான் உக்காந்ததும் ஆரம்பிச்சுட்டேன். விட்டா எந்திரிச்சுருவேன்னு பயம். வந்து கூப்பிட்டது நான்தான் பாக்கியம், அதுல இருந்து ஆரம்பிச்சு சபை, காதர் பாய், பல்பு, பச்சை, நாப்பது நாள் எல்லாத்தையும் சொல்லி முடிச்சேன். அது பொறுமையாக் கேட்டுச்சு. ஆச்சரியமே படலைங்க.

"அந்த பல்பை நான் மூணாம் நாளே கழட்டிட்டேங்ணா"ன்னு சொல்லுச்சு. "பிருந்தா படிக்கறப்பக் கண்ணு கூசுதுன்னா. நீங்க வர்ற அன்னிக்கு மட்டும் எடுத்து மாட்டி வெப்பேன். நீங்க வாங்கிட்டு வந்து குடுத்ததாச்சே, காணோம்னா சங்கடப்படுவீங்க."

எனக்கு ஒண்ணும் வெளங்கலை. அப்ப கதை எப்பிடி மாறுச்சுன்னு கேட்டேன்.

"நான்தான் மாத்துனேன். வேலண்ணன் கூப்பிட்டாருன்னு நான் சொல்றப்பல்லாம் நீங்க ரண்டு கையிலயும் முட்டியப் புடிச்சுக்குவீங்க. வெரலு வெளுத்துப் போயிரும். அதைப் பாத்துக்கிட்டு எப்பிடிச் சொல்றது? அதான் வாரத்துக்குக் கொஞ்சமா எடுத்துட்டேன்."

பழனிக் கதையில இருந்து என்னைய எதுக்கு எடுத்தேன்னு கேட்டேன். கேக்கக்கூடாதுதான். கேட்டுட்டேன்.

"பழனியில நீங்க வந்தா அந்த ஞாயித்துக்கெழமையும் பின்னாடியே வருதுங்ணா. எதுலயுமே வெச்சுக்க முடியலை." மோரு டம்ளரை எடுத்து ஓரமா வெச்சுட்டு, "ஆபீசரு வந்தன்னிக்கு நீங்களே வாயத் தெறந்து சொல்லுவீங்கன்னு இருந்தேன். நீங்க வெளக்கையே பாத்துட்டு இருந்தீங்க"ன்னுச்சு.

பாவம் தம்பி. அது அப்பிடித்தான் நெனச்சுட்டு இருக்குது. எனக்குத் தெரியாதா? வெளிச்சம் வேலை செஞ்சா யாருக்கும் வெளிச்சம் வேலை செஞ்சுதுன்னு தெரியாது. நானாத்தான் மாத்திக்கிட்டேன்னு ஒவ்வொருத்தரும் சொல்லுவாங்க. ராயபுரத்து அம்மாகிட்டக் கேட்டாலும் இதையேதான் சொல்லியிருக்கும். மூணு நாள்லயே பச்சை இறங்கியிருக்குது, அவ்வளவுதான். இல்லைன்னா ஒரு மனுசி எனக்காக எதுக்கு அப்பிடி ஒரு வேலை செய்யோணும்? புருசனைப் பறிகொடுத்தது அது. எனக்காக ஆபீசருகிட்ட எதுக்கு அப்பிடிச் சொல்லோணும்? நீங்களே சொல்லுங்க. கணக்கு ஒத்து வருதுங்களா? நானும் அதுகிட்ட எடுத்துச் சொன்னேன், அது நீ இல்லை பாக்கியம், பச்சைன்னு. அது என்னையவே பாத்துட்டு, சரிங்ணான்னு சொல்லுச்சு.

அப்பறந்தான் அந்தப் பேச்சு வந்துச்சு. "பிருந்தா அஞ்சு மணிக்கு வந்துருவா. அவளுக்கு அவங்கப்பா தானாப் போயி எறங்குனாருன்னுதான் தெரியும். யாருமே கூப்பிடாம, லீவு நாள்ல, நம்மளை நெனச்சுக்கூடப் பாக்காம எதுக்குப் போனாருன்னு ஏழு வருசமா அவரு மேல கோவமா இருக்கறா. போட்டோவுக்குப் பூ வெக்க மாட்டேங்கறா. நான் இப்பச் சொன்னா, உங்களைக் காட்டி அப்பாவைக் காப்பாத்தறேன்னு நெனப்பா. நீங்க இருந்து சொல்லிட்டுப் போங்க. எங்கிட்டச் சொன்ன மாதிரியே சொல்லுங்க. வெளக்குக் கதை வேண்டாம். அது மட்டும்."

சரி பாக்கியம்னேன். சத்தியமாச் சரின்னுதான் சொன்னேன். அப்ப மணி நாலே கால். ஏழு வருசம் கழிச்சு அந்தப் பிள்ளையைப் பாக்கறோம், வெறுங்கையா எப்பிடிப் பாக்கறதுன்னு, கொஞ்சம் பழம் வாங்கிட்டு வந்துடறேன்னு வெளிய வந்தேன். பாக்கியம் வாசல்ல நின்னு எம்பட போன் நம்பரைக் கேட்டு ஒரு தாள்ல எழுதி வாங்கி வெச்சுக்கிச்சு. பழக்கடை பஸ் ஸ்டாண்டுலதான் இருந்துச்சு. இந்தா, மாதுளை வாங்கியிருக்கறேன் பாருங்க, ஒரு கிலோ. நல்ல பழம். வாங்கிட்டுத் திரும்பறேன், இந்த வண்டி நின்னுட்டு இருக்குது. திருப்பூர் திருப்பூர்னு கண்டக்டர் கூப்பிட்டுட்டு இருக்கறாரு. ஏறோணும்னு ஏறலீங்க தம்பி. நின்னுட்டு இருந்துச்சு. உக்காந்து யோசிக்கலாம்னு ஏறுனேன், எடுத்துட்டான்.

அடுத்த வாரம் போயிச் சொல்லிக்கலாம். பிள்ளை களைச்சு வந்திருக்கும், வந்ததும் வராததுமா இதைச் சொல்றது நல்லா இருக்காதுங்க. நீங்க என்ன சொல்றீங்க?

சன்னல் பக்கமாத் திரும்பிட்டீங்களே.

கொடுவாய் வரப்போகுது. நாலு பழம் எடுத்துக்கோங்க, எனக்கு எதுக்கு இத்தனை, நான் ஒருத்தன். எடுத்துக்கோங்க, அட.

ஒரு நிமிசம்.

போன் அடிக்குது. புது நம்பரா இருக்குது. பாக்கியம் நம்பரு இது இல்லீங்க, அதை வாசல்லயே பதிஞ்சுக்கிட்டேன். மணி அஞ்சே முக்கால். பிருந்தா வந்திருக்கும். வந்து, வேலு மாமா வந்திருந்தாருன்னு அந்தம்மா சொல்லியிருக்கும்.

மாமான்னு கூப்பிடுமோ என்னமோ.

தம்பி, ஒரு ஒபகாரம் பண்ணுங்க. உங்களுக்கு நல்ல கொரலு. இதை எடுத்து, குழந்தைவேலுன்னு இங்க யாரும் இல்லீங்க, நம்பர் மாறி வந்துருச்சுன்னு மட்டும் சொல்லிருங்க. வேற ஒண்ணுஞ் சொல்ல வேண்டாம். இந்தாங்க, புடிங்க.

என்னையப் பாக்காதீங்க தம்பி. எடுங்க. அடிச்சு நிக்கறதுக்குள்ள எடுத்துருங்க.